யாரும் எடுக்காத பணம்

முக்கூடல்,
14-3-2026

என் அன்புள்ள அத்தானுக்கு,

இசக்கித்தாய் எழுதுவது. இங்கே நானும் தேன்மொழியும் உயிரோடு இருக்கிறோம். உங்கள் முழங்கால் வலி எப்படி இருக்கிறது, சாப்பாடு ஒத்துக்கொள்கிறதா என்பதை நீங்கள்தான் எழுத வேண்டும். கடலூர் ஜெயிலுக்கு உங்களை மாற்றிய பிறகு மனு போட்டுப் பார்க்க வருவதென்றால் இரண்டு நாள் கூலி போய்விடுகிறது. போனில் கொடுக்கிற சில நிமிடத்தில் நீங்கள் கேட்பதற்குப் பதில் சொல்லத்தான் நேரம் இருக்கிறது. நான் சொல்ல வேண்டியது அப்படியே நின்றுவிடுகிறது. அதனால்தான் இந்தக் கடிதம். அங்கே அதிகாரிகள் படித்துவிட்டுத்தான் உங்கள் கையில் தருவார்கள் என்று தெரியும். படிக்கட்டும். இதில் இருப்பதில் முக்கால்வாசியைப் போலீசிடமே சொல்லிவிட்டேன்.

தேன்மொழிக்குப் பன்னிரண்டாம் வகுப்புப் பரீட்சை நடக்கிறது. போன பரீட்சை சுலபமாக இருந்ததாகச் சொன்னாள். அவள் எழுதிவிட்டு வரும்வரை பள்ளிக்கூட வாசலிலேயே நிற்கிறேன். ஏன் நிற்கிறேன் என்பதற்கு ஒரு பழைய பொய்யை முதலில் ஒப்புக்கொள்ள வேண்டும்.

வீட்டுக் கடன் வசூலுக்கு வந்த ஐயம்பெருமாளை நீங்கள் வெட்டிவிட்டுப் போன பன்னிரண்டாம் நாள், பிள்ளை குளியலறையில் வழுக்கி விழுந்து நெற்றியில் மூன்று தையல் போட்டது என்று உங்களிடம் சொன்னேன். அவள் வழுக்கி விழவில்லை. ஐயம்பெருமாளின் மைத்துனன் நான்கு பேரைக் கூட்டிக்கொண்டு இரும்புக் கம்பியோடு வந்தான். மாடி ஜன்னல் ஒன்றுவிடாமல் நொறுக்கினார்கள். உங்கள் பைக்கைத் தெருவில் போட்டு அடித்தார்கள். நான் குறுக்கே போனபோது முதுகில் விழுந்த அடியில் இரண்டு விலா எலும்பு கீறிவிட்டது. பிள்ளை “எம்மா” என்று கத்திக்கொண்டு வெளியே ஓடி வந்தாள். ஒருவன் எறிந்த செங்கல் அவள் நெற்றியில் பட்டது. பதினொரு தையல். வலது புருவத்தில் பாதி இனி முளைக்காது என்று டாக்டர் சொன்னார்.

அப்போது நான் புகார் கொடுக்கவில்லை. கொடுத்தால் அவர்கள் திரும்ப வருவார்கள், பிறகு உங்கள் தம்பி போவான், இது நிற்காது என்று நினைத்தேன். மாடக்கண்ணுவிடம் சத்தியம் வாங்கினேன், அண்ணனிடம் சொல்லக் கூடாது என்று. அவன் உங்களைப் பார்க்க வந்தபோது சொல்லிவிட்டான் என்பது எனக்கு இப்போதுதான் தெரிகிறது.

அத்தான், அந்த 2024 அக்டோபர் இருபத்திரண்டாம் தேதியைப் பற்றி நாம் இரண்டு பேரும் இதுவரை பேசியதே இல்லை. கோர்ட்டில் என்னைக் கூண்டில் ஏற்றிக் கேட்கவும் இல்லை. நான் வாசலில் நின்று பார்த்தேன். பார்த்ததை எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அதற்கு மூன்று நாள் முன்னால் நீங்கள் பைனான்ஸ் கம்பெனிக்குப் போன் போட்டு, வீட்டுக் கடனை முடிக்க எவ்வளவு கட்ட வேண்டும் என்று கேட்டீர்கள். லோடு ஆட்டோவை விற்று மொத்தமாக அடைத்துவிடலாம் என்று ஓர் ஆசை. பதினொரு லட்சத்து ஐம்பத்து நான்காயிரம் என்றார்கள். போனை வைத்துவிட்டு நீங்கள் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தது இன்னும் என் கண்ணில் நிற்கிறது. “வாங்குனது பன்னெண்டு லட்சம். ஒம்பது வருசமா பதினாலு லட்சத்துக்கு மேல கட்டியாச்சு. பொறவு எப்படிட்டி பதினொன்னு நிக்கும்? எவனோ தின்னுருக்கான்” என்றீர்கள். நானும் தலையாட்டினேன். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. கொரோனாவுக்குப் பிறகு நம்மிடம் கையில் பணம் வாங்கிப்போனது ஐயம்பெருமாள் ஒருவர்தான். தின்றது யார் என்று தேடிப்போக வேண்டிய அவசியமே இல்லாமல் போய்விட்டது.

மூன்று நாள் நீங்கள் சோறு தின்னவில்லை. நான்காம் நாள் காலையில் அவர் வந்தார். செக் திரும்பியதற்கான அபராதம் இருபத்தாறாயிரம் நிற்கிறது என்றார். நீங்கள் கணக்குக் கேட்டீர்கள். கம்பெனியில் போய்க் கேளுங்கள் என்றார். பேச்சு தடித்தது. தெருவே கேட்கும்படி, “டியூ கட்ட வக்கில்லாதவனுக்கு மாடி வீடு ஒரு கேடாவே?” என்றார். அவர் அப்படிச் சொன்னது தவறு. நான் மறுக்கவில்லை.

நீங்கள் உள்ளே போய், வாழைத்தார் வெட்டுகிற அரிவாளோடு வந்தீர்கள். முதல் வெட்டு தோளில். இரண்டாவது வெட்டுக்கு அவர் வலது கையைத் தூக்கினார். மூன்று விரல் போய்விட்டது. அவர் கத்தவில்லை. கையைப் பார்த்துக்கொண்டே நம் வாசற்படியில் உட்கார்ந்துவிட்டார். நீங்கள் அவருடைய பையைப் பிடுங்கித் தெருவில் கொட்டி, ரசீதுப் புத்தகத்தை மிதித்து, “கள்ளப்பய, கள்ளப்பய” என்று சொல்லிக்கொண்டே இருந்தீர்கள். ஒரு விரல் என் காலுக்குப் பக்கத்தில் கிடந்தது. அதை ஈரத்துணியில் சுற்றி ஆட்டோவில் கொடுத்தனுப்பியது நான்தான். ஒட்ட வைக்க முடியவில்லை. அந்த விரலைத் தொட்ட சூடு என் கையை விட்டுப் போகவில்லை. பீடி சுற்றிய நாளெல்லாம் திடீரென்று நினைவு வந்து இலையைக் கிழித்துவிடுவேன்.

இந்த ஜனவரி மாதம் கம்பெனிக்காரர்கள் கதவில் நோட்டீஸ் ஒட்டினார்கள். அறுபது நாளில் பணத்தைக் கட்ட வேண்டும், இல்லாவிட்டால் வீட்டை எடுத்துக்கொள்வோம் என்று எழுதியிருந்தது. நீங்கள் போன பிறகு நான் ஒரு டியூவும் கட்டவில்லை, கட்ட வழியும் இல்லை. நோட்டீஸை எடுத்துக்கொண்டு வண்ணாரப்பேட்டையில் இருக்கிற அவர்கள் ஆபீசுக்குப் போனேன். ஐயம்பெருமாள் எவ்வளவு தின்றான் என்று தெரிந்துகொண்டு, அதைக் காட்டி உங்களுக்கு அப்பீல் போட வேண்டும் என்பதுதான் அன்று என் நினைப்பு. அங்கே கணேஷ்ராம் என்று ஓர் அதிகாரி. மரியாதையான பையன். நான் கேட்டவுடன் முதல் நாளிலிருந்து உள்ள கணக்கை அச்சடித்துக் கொடுத்தார். பதினான்கு பக்கம்.

முதல் பக்கத்தில் முதல் வரியைப் பார்த்ததும் எனக்குப் புரியவில்லை. 2015 ஜூன் மாதம் நாம் கட்டிய முதல் டியூ ரூ.13,634. அதில் வட்டிக்கு 12,500. அசலுக்கு 1,134. தவறாக அச்சாகியிருக்கிறது என்று நினைத்து அவரிடம் காட்டினேன். “இல்ல மேடம், எல்லாருக்கும் அப்படித்தான். மொதல்ல வட்டியத்தான் எடுக்கும். அசல் பையத்தான் கழியும்” என்றார்.

அத்தான், அந்த முதல் டியூவைக் கட்டிவிட்டு வந்து நீங்கள் பரோட்டா வாங்கிக் கொடுத்தீர்கள். பதின்மூன்றாயிரம் அடைந்தது என்று சந்தோஷப்பட்டோம். அன்றைக்கு அடைந்தது ஆயிரத்து நூற்று முப்பத்து நான்கு.

அப்படியே ஐம்பத்தேழு மாதம், ஒன்றுகூடத் தவறாமல் கட்டியிருக்கிறோம். நீங்கள் மஞ்சள் காமாலையில் கிடந்த மாதம் என் கம்மலை விற்றுக் கட்டினோமே, அதுவும் அதில் இருக்கிறது. ஏழே முக்கால் லட்சத்துக்கு மேல் போயிருக்கிறது. அசலில் கழிந்தது எண்பத்தேழாயிரம். பிறகு கொரோனா வந்தது. ஆறு மாதம் டியூ கட்ட வேண்டாம் என்று மெசேஜ் வந்ததும் சாமி கண் திறந்தது என்று சொன்னோம். அந்த ஆறு மாத வட்டி எழுபத்தோராயிரத்தையும் கடனோடு சேர்த்துவிட்டார்கள். ஐந்து வருடமாக இறங்கியது ஆறே மாதத்தில் கிட்டத்தட்ட ஏறிவிட்டது.

அதற்கு மேல் ஒன்று இருக்கிறது. 2023 ஜனவரியில் வட்டியைப் பன்னிரண்டரையிலிருந்து பதின்மூன்றே முக்காலாக்கியிருக்கிறார்கள். நமக்கு ஏன் தெரியவில்லை என்று கேட்டேன். “வட்டி ஏறும்போது டியூவை ஏத்தினா ஒங்களால கட்ட முடியாதுல்லா, அதான் டியூவ அப்படியே வச்சு மாசத்தைக் கூட்டிருக்கு. போனுக்கு மெசேஜ் போயிருக்குமே” என்றார். மெசேஜ் உங்களுடைய பழைய நம்பருக்குப் போயிருக்கிறது. 2035 மே மாதம் முடிய வேண்டிய கடன், 2046 மே மாதம்தான் முடியும் என்று கம்ப்யூட்டரில் காட்டினார். அப்போது உங்களுக்கு அறுபத்தேழு வயது. மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம் என்று கேட்டேன். தட்டிப் பார்த்துவிட்டு மெதுவாகச் சொன்னார், நாற்பத்தொன்பது லட்சத்துத் தொண்ணூறாயிரம். ஏறக்குறைய ஐம்பது லட்சம் அத்தான். வாங்கியது பன்னிரண்டு.

குறைக்க வழியே இல்லாமலா இருந்தது என்று கேட்டேன். வருடத்துக்கு ஒரு டியூ கூடுதலாகக் கட்டியிருந்தால் பல வருடம் குறைந்திருக்குமாம். வட்டி ஏறியபோது வந்து டியூவைக் கொஞ்சம் கூட்டச் சொல்லியிருந்தால் பதினொரு வருடம் ஏறியிருக்காதாம். வேறு வங்கிக்கு மாற்றியும் இருக்கலாமாம். இதையெல்லாம் ஏன் சொல்லவில்லை என்றதற்கு, “யாரும் வந்து கேக்கலயே மேடம்” என்றார். திட்டவும் தோன்றவில்லை. கடன் வாங்கிய அன்று முப்பத்திரண்டு இடத்தில் நீங்களும் நானும் கையெழுத்துப் போட்டோம். ஒரு தாளையாவது நிறுத்திப் படித்தோமா? கீழே மட்டும் கட்டினால் போதும் என்றீர்கள். மாடியில் ஓர் அறை வேண்டும் என்று நின்றவள் நான்.

வீட்டுக்கு வந்து, நீங்கள் துணிப்பையில் போட்டு வைத்திருந்த ரசீதுகளை எடுத்தேன். ஐயம்பெருமாள் கொடுத்தவை மொத்தம் ஐம்பது. தேன்மொழி ஒவ்வொரு தேதியாக வாசித்தாள். நான் பதினான்கு பக்கத்தில் தேடி டிக் போட்டேன். ஐம்பதும் இருந்தது. எல்லாம் அவர் வாங்கிய அன்றைக்கோ மறுநாளோ கட்டப்பட்டிருந்தது. ஒரு ரூபாய் குறையவில்லை. மறுபடியும் பார்த்தேன். மூன்றாம் தடவையும் பார்த்தேன். ஒன்றே ஒன்றாவது இல்லாமல் போகாதா என்று வேண்டிக்கொண்டே பார்த்தேன். ஒரு ரசீது குறைந்திருந்தால்கூட நீங்கள் வெட்டியதற்கு ஒரு காரணம் இருந்திருக்கும். தேன்மொழி ரசீதைக் கீழே வைத்துவிட்டு, “அந்த மாமா எடுக்கலியாம்மா?” என்று கேட்டாள். கேட்கும்போது அவள் கை நெற்றித் தழும்பில் இருந்தது.

யாரும் எடுக்கவில்லை அத்தான். நாம் கட்டியதெல்லாம் கடனுக்குத்தான் போயிருக்கிறது.

மறுநாளே சேரன்மகாதேவிக்குப் போனேன். ஐயம்பெருமாள் அங்கே ஒரு வாடகை வீட்டில் இருக்கிறார். கை போனதும் கம்பெனி அவரை நிறுத்திவிட்டது. நிரந்தர ஆள் இல்லை என்பதால் ஒன்றும் தரவில்லையாம். அவர் மனைவி முத்துராணியும் பீடிதான் சுற்றுகிறாள். என்னைக் கண்டதும் தட்டைத் தூக்கி எறிந்துவிட்டு எழுந்தாள். துடைப்பத்தை எடுத்து முகம், தோள் என்று பாராமல் அடித்தாள். “எம் புருசனுக்கு நான் சோறு ஊட்டுதேன், நீ வேடிக்கை பாக்க வந்தியாட்டி?” என்று கேட்டுக் கேட்டு அடித்தாள். நான் கையைத் தூக்கித் தடுக்கவில்லை. ஐயம்பெருமாள் வந்து, “போதும், விடு” என்று சொன்ன பிறகுதான் நிறுத்தினாள். பிறகு அவளே கீழே உட்கார்ந்து அழுதாள்.

நான் கணக்குத் தாளையும் ரசீதையும் அவர் முன்னால் வைத்தேன். மிச்சமிருக்கிற இரண்டு விரலால் தாளைப் பிடித்து வெகுநேரம் பார்த்தார். “நானும் இதை இன்னைக்கித்தான் பாக்குதேன் தாயி. அஞ்சு வருசம் வசூலுக்கு அலைஞ்சிருக்கேன். மாசம் எவ்வளவு வாங்கணும்னுதான் எங்கிட்ட சொல்லுவாங்க. எவ்வளவு கழியுதுன்னு எனக்கும் தெரியாது” என்றார். அன்றைக்குத் தெருவில் பேசியது தன் தப்புத்தான் என்றும் சொன்னார். சத்தமாகப் பேசினால்தான் பணம் வரும் என்று சொல்லித்தான் அனுப்புவார்களாம். எனக்கு ஒரு டம்ளர் தண்ணீர் கொடுக்கச் சொன்னார். முத்துராணி கொடுத்தாள். முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் கொடுத்தாள்.

இனி எழுதப்போவதைப் படித்துவிட்டுக் கடிதத்தைக் கிழித்துவிடாதீர்கள். முழுக்கப் படியுங்கள்.

பிப்ரவரி இருபத்தேழு, வெள்ளிக்கிழமை. பகல் பதினொரு மணி இருக்கும். வீட்டை விற்று அவருக்கும் ஒரு பங்கு கொடுப்பது பற்றிப் பேச மறுபடியும் அவர்கள் வீட்டுக்குப் போயிருந்தேன். ஐயம்பெருமாள் முன்னறையில் இருந்தார். முத்துராணி உள்ளே சோறு வடித்துக்கொண்டிருந்தாள். தெருவில் பைக் வந்து நின்றது. முகத்தில் துண்டு கட்டிய ஒருவன் உள்ளே வந்தான். கையில் அரிவாள். நடையைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது எனக்கு. மாடக்கண்ணு. நான் அங்கே இருப்பேன் என்று அவன் எதிர்பார்க்கவில்லை. “மதினி, நீங்க இங்கன என்ன செய்யுதீங்க? வெலகிக்கோங்க” என்றான். நான் ஐயம்பெருமாளுக்கு முன்னால் போய் நின்றேன். “ஒங்களையும் போட்டுருவேன் மதினி, வெலகுங்க” என்றான். அவர் எழுந்து ஓடப் பார்த்தார். அவன் என்னைத் தாண்டி ஓங்கினான். நான் இடது கையை நீட்டினேன்.

சதை பிளந்து எலும்பு தெரிந்தது. வலி உடனே வரவில்லை. சுவர் முழுக்கத் தெறித்திருக்கிறதே, அடுத்தவர் வீடாயிற்றே என்றுதான் முதலில் நினைத்தேன். அவன் மறுபடி ஓங்குவதற்குள் முத்துராணி கொதிக்கிற கஞ்சிப் பானையோடு வந்து அப்படியே அவன் மேல் வீசினாள். கழுத்தும் ஒரு பக்கத்துக் கன்னமும் வெந்துபோயிற்று. அரிவாளைப் போட்டுவிட்டுத் தரையில் உருண்டான். பானையாலேயே அவன் தலையில் இரண்டு முறை அடித்தாள். மூன்றாவது அடிக்கு நான் அவன் மேல் விழுந்து மறைத்தேன். அது என் தோளில் பட்டது.

அவனைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, “எய்யா, அவரு எடுக்கலய்யா, அம்பது ரசீதும் இருக்குய்யா” என்று கத்தினேன். அவன் அழுதுகொண்டே, “அண்ணன்தான மதினி” என்று தொடங்கினான். பிறகு வாயை மூடிக்கொண்டான். மேற்கொண்டு ஒரு வார்த்தை சொல்லவில்லை. போலீசிடமும் சொல்லவில்லை.

அதற்கு எட்டு நாள் முன்னால் அவன் மனு போட்டு உங்களைப் பார்த்துவிட்டு வந்தான். நீங்கள் அவனிடம் என்ன சொன்னீர்கள் என்று நான் கேட்கவில்லை. கடிதத்திலும் கேட்கவில்லை. போனிலும் கேட்க மாட்டேன்.

ஆஸ்பத்திரியில் சப்-இன்ஸ்பெக்டர் வந்து யார் வெட்டியது என்று கேட்டபோது, மாடக்கண்ணு பெயரைச் சொன்னவள் நான்தான். ஐயம்பெருமாள் சொல்வதற்கு முன்னால் நானே சொன்னேன். தம்பியைப் போல வளர்ந்தவன். நம் கல்யாணத்தில் மாலை எடுத்துக் கொடுத்தபோது அவனுக்குப் பதின்மூன்று வயது. சொல்லாமல் விட்டால், அடுத்து அவர்கள் வருவார்கள். அந்தச் செங்கல் என் பிள்ளை தலையில் ஒரு முறை விழுந்ததே போதும். அதே நேரத்தில் அவர்கள் நம் வீட்டில் புகுந்து அடித்த கதையையும், அந்த மைத்துனன் பெயரையும் எழுதிக் கொடுத்தேன். அதற்கு முத்துராணி என்னைத் திட்டவில்லை. “எழுதட்டும்” என்று மட்டும் சொன்னாள்.

அத்தை ஆஸ்பத்திரிக்கு வந்தார்கள். கட்டோடு கிடந்த என்னை எல்லோர் முன்னாலும் கன்னத்தில் அறைந்தார்கள். “ரெண்டு பிள்ளையையும் உள்ள வச்சுட்டு நீ மட்டும் வெளிய இருக்கியே” என்றார்கள். பெற்ற வயிறு. மாடக்கண்ணுவின் புண் ஆறி வருகிறது, கண்ணுக்கு ஒன்றுமில்லை என்று டாக்டர் சொன்னதாகக் கேள்விப்பட்டேன். என் கையில் இரண்டு விரல் இன்னும் மடங்கவில்லை. பீடி சுற்ற வராது. பக்கத்துத் தெருவில் ஓர் ஓட்டலில் காய் கழுவப் போகிறேன்.

இன்னொன்றையும் எழுதிவிடுகிறேன். இதை எழுத மூன்று நாள் யோசித்தேன். டியூ தேதி ஐந்து. ஒவ்வொரு மாதமும் மூன்றாம் தேதியிலிருந்து உங்கள் முகம் மாறும். பணம் புரளாத மாதத்தில் கை நீளும். பெல்ட் எடுத்த மாதமும் உண்டு. ஐந்தாம் தேதி கட்டிவிட்டால் ஆறாம் தேதி பூ வாங்கி வருவீர்கள். நான் தலையில் வைத்துக்கொள்வேன். மூன்றாம் தேதி வந்தால் தேன்மொழி தானாகப் போய் டி.வி. சத்தத்தைக் கூட்டி வைப்பாள், பக்கத்து வீட்டுக்குக் கேட்கக் கூடாதென்று. அப்போது அவளுக்கு எட்டு வயது. நான் இதையெல்லாம் கடன் தீர்ந்தால் சரியாகிவிடும், 2035 வந்தால் சரியாகிவிடும் என்று பொறுத்துக்கொண்டேன். கணேஷ்ராம் 2046 என்று சொன்னபோது எனக்குப் பணம் நினைவுக்கு வரவில்லை. இன்னும் எத்தனை மூன்றாம் தேதி என்றுதான் மனம் எண்ணியது.

வீட்டை விற்க முடிவு செய்திருக்கிறேன். மேலப்பாளையம் யஹ்யா பாய் வந்து பார்த்தார். சவூதியில் இருபது வருடம் இருந்துவிட்டுத் திரும்பியவர். கடன் இல்லாமல் கைப்பணத்தில் வாங்குகிறார். இருபத்தாறு லட்சம் பேசியிருக்கிறது. உடைந்த ஜன்னலையும் வாசற்படியையும் பார்த்தார், ஒன்றும் கேட்கவில்லை. பிள்ளை பரீட்சை முடியட்டும், ஏப்ரல் கடைசியில் காலி செய்தால் போதும் என்றார். கம்பெனிக்கு இன்றைய தேதியில் பதினான்கு லட்சத்து முப்பத்தாறாயிரம் கட்ட வேண்டும். கட்டாமல் விட்ட மாதங்களின் வட்டியும் சேர்ந்து, நாம் முதலில் வாங்கியதைவிடக் கூடுதலாகிவிட்டது. இன்னும் தாமதித்தால் அவர்களே ஏலம் போட்டுவிடுவார்கள், கிடைத்த விலைக்குப் போய்விடும்.

மீதியில் நான்கு லட்சத்தை ஐயம்பெருமாளுக்குக் கொடுக்க நினைக்கிறேன். அவர் கேட்கவில்லை. நான் சொன்னபோது, “வேண்டாம்னு சொல்ல எனக்கு வசதி இல்ல தாயி. தந்தா வாங்கிக்கிடுவேன். ஆனா அதுக்காகச் சரியாப்போச்சுன்னு சொல்லமாட்டேன்” என்றார். சொல்ல வேண்டாம் என்றேன். மிச்சம் தேன்மொழி படிப்புக்கு.

பத்திரம் உங்கள் பெயரில் இருக்கிறது. நீங்கள் பவர் எழுதிக் கொடுத்தால்தான் விற்க முடியும். வக்கீல் இருபத்தைந்தாம் தேதி தாளோடு அங்கே வருவார். அந்த வீட்டுக்கு நீங்கள் ஒவ்வொரு செங்கலும் இறக்கியது எனக்குத் தெரியும். கான்கிரீட் போட்ட அன்று விடிய விடியக் காவல் இருந்தது தெரியும். என்னைத் திட்டுங்கள், எவ்வளவு வேண்டுமானாலும் திட்டி எழுதுங்கள். ஆனால் கையெழுத்துப் போடுங்கள். இந்த முறை ஒவ்வொரு பக்கத்தையும் படித்துவிட்டுப் போடுங்கள். புரியாததை வக்கீலிடம் நிறுத்திக் கேளுங்கள்.

மாடக்கண்ணுவுக்கு உங்கள் கையால் ஒரு கடிதம் எழுதுங்கள். ஜாமீனில் வந்தால் முடித்துவிட்டுத்தான் மறுவேலை என்று அவன் சொல்லியனுப்பியிருக்கிறான். நான் சொன்னால் கேட்க மாட்டான், நான்தான் அவனைக் காட்டிக் கொடுத்தவள். அத்தை சொன்னாலும் கேட்க மாட்டான். நீங்கள் சொன்னதைத்தான் அவன் இதுவரை கேட்டிருக்கிறான். “அவரு எடுக்கலலே” என்று எழுதுங்கள். அந்த இரண்டு வார்த்தையை எழுத உங்களுக்கு எவ்வளவு கஷ்டம் என்று எனக்குத் தெரியாமல் இல்லை. அதை எழுதினால், உங்களுக்குக் கிடைத்த ஏழு வருடத்துக்கும் காரணம் இல்லாமல் போய்விடும். ஆனாலும் எழுதுங்கள். கணக்குத் தாளின் பதினான்கு பக்கத்தையும் நகல் எடுத்து இதோடு வைத்திருக்கிறேன். ரசீது நம்பரை ஒவ்வொன்றின் பக்கத்திலும் தேன்மொழி எழுதியிருக்கிறாள். நீங்களே உட்கார்ந்து சரிபாருங்கள்.

இரண்டு தெரு தள்ளி ஒரு வாடகை வீடு பார்ப்பதாக முதலில் நினைத்தேன். இப்போது வேறு ஊரில் பார்த்திருக்கிறேன். ஓர் அறை, ஒரு சமையல்கட்டு. ஏப்ரல் கடைசி வரை நீங்கள் இந்தப் பழைய விலாசத்துக்கே எழுதலாம். புது வீட்டின் விலாசத்தை இந்தக் கடிதத்தில் எழுதவில்லை. உங்கள் பதில் வரட்டும். மாடக்கண்ணுவுக்கு நீங்கள் எழுதியதை அவன் படித்துவிட்டான் என்று தெரியட்டும். அதன் பிறகு எழுதி அனுப்புகிறேன்.

முழங்காலுக்கு வெந்நீர் ஒத்தடம் கொடுக்க அங்கே வசதி இருந்தால் கேட்டுப் பாருங்கள். யாரோடும் சண்டைக்குப் போகாதீர்கள். கோபம் வந்தால் எழுந்து வேறு பக்கம் போய் உட்காருங்கள். இதை நேரில் இருந்தபோது உங்களிடம் சொல்லத் தைரியம் இருந்ததில்லை.

உங்கள் பதிலுக்குக் காத்திருக்கும்,
இசக்கித்தாய்